‘லெட்சுமி’யில் அந்த ‘லெ’ எங்கிருந்து வந்தது?

பேராக்கில் கோயில் திருவிழாவோ கல்யாண வீடோ, ஐம்பது வயதைத் தாண்டிய பெண்கள் நாலு பேர் கூடி உட்கார்ந்தால் அதில் ஒரு லெட்சுமி இருப்பார். இல்லாவிட்டால் ஒரு விஜயலெட்சுமி, ஒரு தனலெட்சுமி, ஒரு முத்துலெட்சுமி. அவர்களுடைய அடையாள அட்டையில் அந்தப் பெயர் எல், இ, டீ, சி, எச், யூ, எம், ஐ என்று எட்டு எழுத்தில் இருக்கும். தமிழ்நாட்டிலிருந்து வரும் உறவினருக்கு அது விசித்திரமாகத் தெரியும். “லக்ஷ்மின்னா எல், ஏ, கே, எஸ்னுதானே வரணும், இது என்ன எழுத்து?” என்று கேட்பார்கள்.

கேட்பவர் சும்மா கேட்டுவிட்டுப் போய்விடுவார். கேட்கப்பட்டவருக்கு அது உறுத்தும். பாட்டியின் பெயரைத் தன் பெயரோடு சேர்த்துத் தாங்கும் இளம் பெண்கள் பலருக்குக் கோலாலம்பூரிலோ சிங்கப்பூரிலோ வேலைக்குச் சேர்ந்த பிறகுதான் இந்தக் கேள்வி வருகிறது. பெரும்பாலும் வீட்டில் கிடைக்கும் பதில் ஒன்றுதான்: “அந்தக் காலத்துத் தோட்டத்துக் கிராணி தப்பா எழுதிட்டான்.” எழுதப் படிக்கத் தெரியாத அப்பா, அக்கறையில்லாத கிராணி, அவர்கள் இருவருக்கும் இடையில் கெட்டுப்போன ஒரு பெயர் என்று கதை அத்தோடு முடிந்துவிடுகிறது. கையில் கொஞ்சம் காசும் நேரமும் இருப்பவர்கள் பெயரை ‘சரி’ செய்துகொள்ளலாமா என்றும் யோசிக்கிறார்கள்.

கிராணி நிறையப் பெயர்களைத் தப்பாகத்தான் எழுதியிருக்கிறார். ஆனால் இந்தப் பெயரில் அவர் மீது போடப்படும் பழி நியாயமானது அல்ல.

பெயரின் பொருளிலிருந்து தொடங்கலாம். வடமொழியில் ‘லக்ஷ்மி’ என்ற சொல்லின் பழைய பொருள் செல்வம் அல்ல. அடையாளம், குறி என்பதுதான். ரிக் வேதத்தில் அந்தப் பொருளில் வருகிறது. அதர்வ வேதத்தில் நல்ல லக்ஷ்மி, கெட்ட லக்ஷ்மி என்று இரண்டு வகையும் உண்டு. அதாவது, மனிதன் மீது விழும் நற்குறியும் தீக்குறியும். நற்குறியே பின்னர் செல்வத்தின் தெய்வமானது. ‘லட்சணம்’ என்று நாம் சொல்வதும் இதே வேரில் பிறந்ததுதான். மாப்பிள்ளை வீட்டார் “பொண்ணு லட்சணமா இருக்கு” என்று சொல்லும்போதும் குறியைத்தான் சொல்கிறார்கள். தமிழில் இந்தத் தெய்வத்துக்குத் திருமகள், மலர்மகள், செய்யவள் என்று தனிப் பெயர்கள் உண்டு; ‘செய்யவள்’ திருக்குறளிலேயே இருக்கிறது. ஆனால் தோட்டத்து லயத்தில் முதல் பெண் பிள்ளை பிறந்தபோது யாரும் செய்யவள் பிறந்தாள் என்று சொல்லவில்லை. “வீட்டுக்கு லெட்சுமி வந்திருக்கா” என்றுதான் சொன்னார்கள்.

ஒரே சொல், இரண்டு வழி

தமிழில் ‘க்ஷ’ என்ற ஒலி கிடையாது. வடமொழிச் சொல் ஒன்று அந்த ஒலியோடு வந்தால் தமிழ் அதை இரண்டு விதமாக வாங்கிக்கொண்டது. ஒரு வழியில் அது ‘க்க’ ஆகும். பக்ஷம் பக்கம் ஆனது அப்படித்தான். நன்னூல் வடமொழியாக்கத்தில் சொல்லும் விதி இது. கம்பர் லக்ஷ்மணனை இலக்குவன் என்றதும், பழைய நூல்கள் இலக்குமி என்று எழுதியதும் இந்த வழியில்தான்.

இன்னொரு வழியில் அது ‘ட்ச’ ஆகும். பட்சி, நட்சத்திரம், மோட்சம், தீட்சை, அட்சதை எல்லாம் இந்த வகை. மீனாட்சி, காமாட்சி, விசாலாட்சி மூவரும் இந்த வழியில் வந்தவர்கள்தான். அவர்கள் பெயரின் கடைசியில் இருப்பது ‘அக்ஷி’, அதாவது கண். சில சொற்கள் இரண்டு வழியிலும் வந்து, தமிழில் இரண்டு தனிச் சொற்களாகவே நின்றுவிட்டன. இலக்கணமும் லட்சணமும் அப்படிப்பட்ட இரட்டையர் என்று மொழியியலாளர்கள் சொல்வார்கள். இலக்கணம் ‘இலக்கு’ என்ற தமிழ் அடியிலிருந்து வந்தது என்று வாதிடுவோரும் உண்டு. அந்த வழக்கு இங்கே தீராது.

ஆக, லட்சுமியில் உள்ள ‘ட்ச’ தமிழ் வாய் தானாகச் செய்துகொண்டது. இடையில் வரும் ‘உ’வும் அப்படியே. ‘ட்ச்மி’ என்று மெய்யெழுத்துகளை அடுக்கிச் சொல்லத் தமிழ் நாக்குக்குப் பிடிக்காது. நடுவில் ஓர் உகரத்தை வைத்து ‘ட்சுமி’ என்று இலகுவாக்கிக்கொள்ளும். அடையாள அட்டையில் இருக்கும் டீ, சி, எச் மூன்றும் அந்த ‘ட்ச’வை எழுத்தெண்ணிப் பிடித்திருக்கின்றன. யூ அந்த உகரத்தைப் பிடித்திருக்கிறது.

மிச்சம் இருப்பது ‘லெ’.

ரெங்கசாமியும் கெங்காதரனும்

தமிழ் மரபில் ‘ல’வும் ‘ர’வும் சொல்லின் முதலில் வராத எழுத்துகள். அதனால் எழுத்தில் முன்னால் ஓர் உயிரெழுத்தைப் போட்டார்கள். இலட்சுமி, இராமன், உலோகம், உரோமம், அரங்கன் எல்லாம் அந்த மரபு. தமிழ்ப் பள்ளியில் படித்தவர்கள் ‘இலட்சுமி’ என்று எழுதக் கற்றது இதனால்தான். ஆனால் எழுதுவது வேறு, பேசுவது வேறு. பேச்சில் யாரும் அந்த ‘இ’யைச் சொல்வதில்லை. அதற்குப் பதிலாக நாக்கு வேறொரு வேலை செய்தது: முதலில் உள்ள ‘அ’கரத்தை ‘எ’கரமாக்கியது.

இது லட்சுமிக்கு மட்டும் நடந்ததல்ல. ரத்தம் பேச்சில் ரெத்தம். ரத்தினம் ரெத்தினம். ரங்கசாமி ரெங்கசாமி. கங்கை கெங்கை, கங்காதரன் கெங்காதரன். ஜன்மம் சென்மம். ஜயம் செயம், ஜெயம். தண்டம் தெண்டம், “தெண்டச் சோறு” என்று திட்டும்போது யாரும் ‘தண்டச் சோறு’ என்று திருத்திச் சொல்வதில்லை. தட்சணை தெட்சணை. யமன் எமன். யஜமானன் எசமான்.

இந்தப் பட்டியலைக் கூர்ந்து பார்த்தால் ஓர் ஒழுங்கு தெரியும். எல்லா அகரமும் எகரமாகவில்லை. கமலம் கெமலம் ஆகவில்லை. சந்திரன் செந்திரன் ஆகவில்லை. தவம் தெவம் ஆகவில்லை. வடமொழியில் அழுத்தி ஒலிக்கும் ‘ga’, ‘ja’, ‘da’, ‘ba’ என்ற ஒலிகளோடும், ய, ர, ல என்ற எழுத்துகளோடும் தொடங்கிய சொற்களில்தான் இந்த மாற்றம் நடந்திருக்கிறது. இதற்கு நல்ல சான்று ‘பலம்’. வலிமை என்ற பொருள்படும் பலம் வடமொழியில் அழுத்தொலியில் தொடங்குவது; அது தமிழில் பெலம், பெலன் ஆனது. தமிழ் விவிலியத்தைப் படிப்பவர்களுக்கு ‘பெலன்’ நன்றாகத் தெரிந்த சொல். கனி, பயன் என்ற பொருள்படும் பலன் மெல்லிய ‘ப’வில் அல்ல, ஒலிப்பில்லாத ‘ப’வில் தொடங்குவது, அது பலனாகவே இருக்கிறது. தமிழ் எழுத்தில் இரண்டுக்கும் ஒரே ‘ப’தான். ஆனால் நாக்கு வேறுபாட்டை மறக்கவில்லை. எழுத்தில் காட்ட முடியாததை உயிரெழுத்தில் காட்டிவிட்டது.

இலக்கணம் படிக்காத சனங்கள் இவ்வளவு ஒழுங்காகப் பேசியிருக்கிறார்கள். ‘லெட்சுமி’யைக் கொச்சை என்று ஒதுக்குபவர்கள் இதையும் கணக்கில் எடுக்க வேண்டும். தமிழ்நாட்டின் டெல்டா, தென் மாவட்டங்களில் ‘லெட்சுமி’ என்று தமிழிலேயே எழுதும் வழக்கம் இன்றும் உண்டு. நகரத்தார் விலாசங்களில் ‘லெ.’ என்ற தலைப்பெழுத்தைக் காணலாம். மகாலெட்சுமி, விஜயலெட்சுமி என்று சொல்லின் நடுவே வரும்போதும் ‘லெ’ மாறுவதில்லை. அது முன்பே தனிச் சொல்லாக வாயில் ஊறிப்போனதால்.

கிராணி கேட்டதும் எழுதியதும்

கோலகங்சாரில் ஹியூ லோ காலத்தில் ரப்பர் கன்றுகள் நடப்பட்டது 1877-இல். அவற்றில் ஒரு மரம் இன்றும் அங்கே நிற்கிறது. அடுத்த அறுபது ஆண்டுகளில் ஆவடி, நாகப்பட்டினம் முகாம்கள் வழியாகக் கப்பலேறி வந்தவர்கள் பேராக்கின் பால்மரக் காடுகளை நிரப்பினார்கள். 1938-இல் இந்திய அரசாங்கம் உதவி பெற்றுவரும் கூலிக் குடியேற்றத்தை நிறுத்தியது. அதற்குள் தோட்டங்களில் இரண்டாம் தலைமுறை பிறந்துவிட்டது.

பிறந்த பிள்ளையின் பெயரை எழுத வேண்டியவர் தோட்ட அலுவலகத்தில் ஆங்கிலம் தெரிந்த கிராணி. மலாயாத் தோட்டங்களில் கிராணிகளாக இருந்தவர்களில் மலையாளிகளும் யாழ்ப்பாணத் தமிழர்களும் கணிசமானோர். எதிரே நிற்பவர் பால்மரம் வெட்டும் தொழிலாளி.

“பேரு என்ன வச்சிருக்க?”

“லெட்சுமிங்க ஐயா.”

உரையாடல் பெரும்பாலும் இவ்வளவுதான் இருந்திருக்கும். எப்படி எழுத்துக்கூட்டுவது என்று கேட்க எதிரே இருப்பவருக்கு ரோமன் எழுத்து தெரியாது. தமிழ்ப் பெயரை ஆங்கிலத்தில் எழுத எல்லோருக்கும் பொதுவான விதியும் கிடையாது. கிராணிக்குக் காதுதான் கதி.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். மலையாளத்தில் இந்தப் பெயர் ‘லக்ஷ்மி’தான், ‘க்ஷ’ அங்கே கெடாமல் இருக்கிறது. கிராணி அலட்சியமாகத் தனக்குத் தெரிந்தபடி எழுதியிருந்தால் கே, எஸ், எச் போட்டு ‘சரியாக’ எழுதியிருப்பார். படித்தவருக்கு அதுதான் சுலபம். அதை விட்டுவிட்டு டீ, சி, எச் என்று எழுதினார் என்றால், தன் நாக்கில் இருந்த பெயரை ஒதுக்கிவிட்டு எதிரில் நின்றவர் சொன்ன பெயரை எழுதினார் என்றுதான் பொருள். யாழ்ப்பாணத்து வழக்கிலும் ‘லெ’ உண்டு. ஆனால் அங்கே ‘ட்ச’வுக்கு டைகரின் முதலெழுத்துக்குப் பதிலாக டாக்டரின் முதலெழுத்தைப் போடுவார்கள். மீனாட்சியையும் தெட்சிணாமூர்த்தியையும் இலங்கைத் தமிழர்கள் அப்படித்தான் எழுதுகிறார்கள். (தமிழில் அந்த இரண்டு ஆங்கில எழுத்துகளையும் ‘டி’ என்றே சொல்லித் தொலைக்க வேண்டியிருப்பதால் இந்த விளக்கம்.)

1948-இல் அவசரகாலம் வந்தது. அது தொடங்கியதே பேராக்கில்தான். சுங்கை சிப்பூட்டில் தோட்டத் துரைமார் மூவர் ஜூன் 16-ஆம் தேதி கொல்லப்பட்ட பிறகு. அந்த ஆண்டே புகைப்படமும் விரல்ரேகையும் கொண்ட அடையாள அட்டை கட்டாயமாக்கப்பட்டது. அதுவரை வாய்ச்சொல்லாக மட்டுமே இருந்த பெரியவர்களின் பெயர்களும் அப்போது அவசர அவசரமாக ரோமன் எழுத்தில் ஏறின. ஒருமுறை ஏறிய எழுத்து பிறகு நகரவில்லை. 1972-இல் மலாய் எழுத்துக்கூட்டு முறை சீர்திருத்தப்பட்டு ‘ச்’ ஒலிக்கு வெறும் ‘சி’ எழுத்து போதும் என்றான பிறகும் ஆட்களின் பெயரில் ‘சி, எச்’ அப்படியே இருந்தது. ஈப்போவுக்கு வடக்கே செம்மோர் ஊர்ப் பெயரில் இருப்பதுபோல.

ஒரே தொகுதியின் பெயர்கள்

லெட்சுமி மட்டும் இப்படி அல்ல. சுங்கை சிப்பூட் நாடாளுமன்றத் தொகுதியின் உறுப்பினர் பட்டியலை எடுத்துப் பார்த்தாலே மலேசியத் தமிழ்ப் பெயர்களின் எழுத்துக்கூட்டு விளங்கிவிடும்.

முதலில் துன் வீ.தி. சம்பந்தன். 1919-இல் சுங்கை சிப்பூட்டில் பிறந்தவர். தோட்டத் துண்டாடலின்போது தொழிலாளர்களிடம் பணம் திரட்டித் தோட்டங்களை வாங்க 1960-இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கியவர். திருஞானசம்பந்தரின் பெயர்தான் அவருடையது. தமிழ்நாட்டில் இதே பெயரின் ‘ந்த’வுக்கு என், டி போடுவது வழக்கம். சம்பந்தனின் பெயரில் என், டீ, எச் இருக்கிறது. இலங்கைத் தமிழ்த் தலைவர் இரா. சம்பந்தன் ‘ம்ப’வுக்குக்கூட ‘பி’ (பேப்பரின் பி) போட்டு எழுதினார். மூன்று நாட்டிலும் தமிழில் ஒரே எழுத்து. ஆங்கிலத்தில் மூன்று பெயர்.

அவருக்குப் பின் 1974 முதல் 2008 வரை ச. சாமிவேலு. ‘வேலு’வில் ஒற்றை ‘ல’தான், அவர் பெயரிலோ இரண்டு ‘எல்’. அடுத்து 2008-இல் வென்ற டாக்டர் மைக்கல் ஜெயக்குமார் தேவராஜ். அவர் பெயரில் ஜெ, ஏ அல்ல, ஜெ, இ. ‘லெ’வைக் கொண்டுவந்த அதே விதி ‘ஜய’வை ‘ஜெய’ ஆக்கியிருக்கிறது. ஜெயக்குமாரை யாரும் எழுத்துப்பிழை என்று சொல்வதில்லை என்பதைக் கவனிக்கலாம். ‘ஜெ’ படித்தவர்களின் பெயரிலும் வந்துவிட்டது. ‘லெ’ தோட்டத்தோடு ஒட்டிக்கொண்டது. வெட்கத்துக்குக் காரணம் மொழி அல்ல என்பது இதிலேயே தெரிகிறது.

பேராக்குக்கு வெளியே இன்னொரு நல்ல உதாரணம், 1960-களில் ஊராட்சி மன்றங்கள் பற்றிய அரச விசாரணை ஆணையத்துக்குத் தலைமை வகித்த ஆதி நாகப்பன். அவர் பெயரில் ‘க’வுக்கு ‘எச்’ எழுதப்பட்டிருக்கிறது. இரண்டு உயிருக்கு நடுவே வரும் ‘க’ தமிழ்ப் பேச்சில் ‘ஹ’ போல மெலியும். ‘நாஹப்பன்’ என்று சொன்னதை அப்படியே எழுதியிருக்கிறார்கள்.

கடல் கடந்த லெட்சுமிகள்

கோலகங்சாரில் ரப்பர் நட்ட அதே 1877-இல் எட்வர்ட் ஜென்கின்ஸ் என்பவரின் ஆங்கில நாவல் ஒன்று வெளியானது. பிரிட்டிஷ் கயானாவுக்கு ஒப்பந்தக் கூலியாகப் போன வட இந்தியத் தம்பதியின் கதை. நாயகியின் பெயர் எல், யூ, டீ, சி, எச், எம், இ, இ. இங்கே உள்ள யூவை ‘பட்’, ‘கட்’ என்ற ஆங்கிலச் சொற்களில் ஒலிப்பதுபோல ‘அ’ என்று படிக்க வேண்டும்: லச்மி. பிராகிருதத்தில் லச்சீ என்று இருந்ததன் வழித்தோன்றல் அது. வட இந்தியாவில் இன்றும் லச்மி, லச்மன் என்பார்கள். வங்காளிகள் வேறு வழியில் போய் ‘லொக்கி’ என்கிறார்கள். நம் இலக்குமிக்குக் கொஞ்சம் பக்கம்.

ஆகவே கரும்புத் தோட்டமோ ரப்பர்த் தோட்டமோ, பழைய பதிவேட்டில் அந்தப் பெயரின் இரண்டாம் எழுத்து ‘இ’யாக இருந்தால், அதைச் சொன்ன வாய் தமிழ் வாய் என்று ஓரளவு துணிந்து சொல்லலாம். பிரெஞ்சுக்காரர்கள் ஆண்ட தீவுகளில் இன்னொரு வேடிக்கை: அங்கே ‘உ’வுக்கு ஓ, யூ இரண்டும் வேண்டும். குவாதலூப்பின் அரசியல்வாதியும் எழுத்தாளருமான எர்னஸ்ட் முத்துசாமியின் குடும்பப் பெயர் அப்படித்தான் நீண்டிருக்கிறது.

திரும்பவும் சுங்கை சிப்பூட்டுக்கு வந்தால், சம்பந்தன் அங்கே கட்டிய மகாத்மா காந்தி கலாசாலையை 1954-இல் திறந்துவைத்தவர் ஜவஹர்லால் நேருவின் தங்கை விஜயலட்சுமி பண்டிட். அவர் பெயரில் கே, எஸ், எச். அந்தப் பள்ளிக்குத் தோட்டங்களிலிருந்து வந்து படித்த விஜயலெட்சுமிகளின் பெயரில் டீ, சி, எச். பெயர் ஒன்றுதான்.

உண்மையான பிழைகள்

எல்லாவற்றையும் நாக்கின் நியாயம் என்று சொல்லிவிட முடியாது. ஒரே வீட்டில் அக்காவின் பெயர் ‘ஐ’யில் முடியும், தங்கையின் பெயர் ‘ஒய்’யில் முடியும். டீ விட்டுப்போன லெச்சுமி உண்டு. ‘யூ’வுக்குப் பதில் ‘இ’ விழுந்த லெட்செமி உண்டு. இவை கைப்பிழை, இவற்றுக்கு மொழியில் விளக்கம் தேட வேண்டாம்.

சிக்கல் வருவது ஒரே ஆளுக்கு இரண்டு எழுத்துக்கூட்டு இருக்கும்போதுதான். அம்மாவின் அடையாள அட்டையில் ஒரு மாதிரி, பிள்ளையின் பிறப்புப் பத்திரத்தில் ‘தாயார் பெயர்’ என்ற கட்டத்தில் வேறு மாதிரி. சேமநிதிப் பணம், நிலப் பட்டா, வாரிசுச் சான்றிதழ் என்று ஏதாவது ஒன்றுக்கு அலையும்போது, இருவரும் ஒருவரே என்று நிரூபிக்க வேண்டிவரும். அடையாள அட்டை எண் இரண்டு இடத்திலும் இருந்தால் பெரும்பாலும் தப்பித்துவிடலாம். எண் எழுதப்படாத பழைய பத்திரங்களில்தான் தலைவலி. சத்தியப் பிரமாண ஆணையர் முன் பிரமாணப் பத்திரம் எழுதிக் கையெழுத்திடுவது வழக்கமான வழி. பிறப்புப் பத்திரத்தில் உள்ள எழுத்துப்பிழையைத் திருத்த 1957-ஆம் ஆண்டின் பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டம் இடம் தருகிறது. விண்ணப்பம் தேசியப் பதிவிலாகாவில்.

ஆனால் எல்லாப் பத்திரத்திலும் ஒன்றுபோல ‘லெட்சுமி’ இருக்கிறது என்றால், அதைப் போய் லக்ஷ்மியாக மாற்றுவது தேவையில்லாத வேலை. பெயரை மாற்றிய மறுநாளிலிருந்து பள்ளிச் சான்றிதழ், வங்கி, சேமநிதி, பிள்ளைகளின் பிறப்புப் பத்திரம் என்று ஒவ்வொன்றாகத் துரத்த வேண்டியிருக்கும். இல்லாத பிழையைத் திருத்தப்போய் ஒத்துப்போகாத பத்திரங்கள் உண்டானதுதான் மிச்சம் என்றாகிவிடும்.

சில பழைய அடையாள அட்டைகளில் பெயருக்கு நடுவே ‘@’ குறியைக் காணலாம். மலேசியாவில் அது ‘என்ற’ என்பதற்குச் சமம். ஒருவருக்கு இரண்டு பெயர் இருந்தால் இரண்டையும் பதிய அந்தக் குறி பயன்படுகிறது. லெட்சுமி @ பாப்பாத்தி, லெட்சுமி @ அஞ்சலை என்ற மாதிரி. தோட்டத்தில் கூப்பிட்ட பெயர் ஒன்று, சாமி பெயர் ஒன்று. இறந்துபோன பாட்டியின் பத்திரங்களைத் தேடுகிறவர்கள் ‘@’க்கு இரண்டு பக்கமும் உள்ள பெயர்களைத் தனித்தனியாகத் தேடிப் பார்ப்பது நல்லது.